ரிட் மனுவை வாபஸ் வாங்கினால் பில் தொகை கேட்கும் உரிமை போய்விடுமா?

சாலைமேடு: சாலைப் பணி ஒப்பந்தத்தைத் துறை ரத்து செய்துவிட்டது. பேங்க் கேரண்டியை (எனக்காக வங்கி துறைக்குக் கொடுத்த உத்தரவாதம்) பணமாக்கச் சொல்லி வங்கிக்கும் கடிதம் போனது. உயர் நீதிமன்றத்தில் ரிட் (அரசு நடவடிக்கையை எதிர்க்கும் மனு) போட்டு இடைக்காலத் தடை வாங்கியாயிற்று. இப்போது "கேஸை வாபஸ் வாங்குங்க, ஃபைனல் பில்லைப் பாஸ் பண்றோம்" என்கிறார்கள். வாங்கலாமா? வாபஸ் கேட்கும் மெமோவில் என்ன எழுதணும்?

கட்டுக்காரர்: வாபஸ் என்பது ஐந்து நிமிட வேலை. வக்கீல் மெமோ தாக்கல் செய்து, நகலை அரசு வக்கீலிடம் கொடுத்தால் முடிந்தது. வில்லங்கம் உத்தரவின் வாசகத்தில்தான். "வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி" என்று மொட்டையாக வந்தால், அதே காரணத்துக்கு மறுபடி ரிட் போட முடியாது. சிவில் நடைமுறைச் சட்டம் ஆணை 23 விதி 1-இன் கொள்கை ரிட்டுக்கும் பொருந்தும் என்று சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. சிவில் வழக்குக்கு அது தடையில்லை என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. இருந்தாலும் மெமோவில் இப்படிக் கேளுங்கள்: "பணித் தொகை, இழப்பீடு குறித்து உரிய மன்றத்தை அணுகும் உரிமையுடன் வாபஸ் பெற அனுமதிக்க வேண்டும்." உத்தரவு நகல் வந்ததும் முதலில் அந்த வரியைத் தேடுங்கள். விட்டுப்போயிருந்தால் 'ஃபார் பீயிங் மென்ஷன்ட்' (உத்தரவில் விட்டதைச் சொல்லித் திருத்தம் கேட்பது) என்று உடனே பட்டியலிடச் செய்து சேர்க்க வேண்டும்.

எம்புக்: மனு போனால் தடையும் கூடவே போய்விடும். அன்று மாலையே வங்கி கேரண்டித் தொகையைத் துறைக்குக் கட்டிவிடக்கூடும். அதனால் வரிசை முக்கியம். பணமாக்கும் கோரிக்கையைத் திரும்பப் பெறுவதாக வங்கிக்குத் துறை எழுதிய கடிதத்தின் நகல் முதலில் கைக்கு வரட்டும், மெமோ பிறகு. வாய்ச்சொல்லை நம்பாதீர்கள், அதிகாரி மாறுதலில் போனால் அடுத்தவருக்கு அது தெரியவே தெரியாது. எத்தனை வாரத்தில் பில் என்று அரசு வக்கீல் துறையிடம் எழுத்துப்பூர்வ அறிவுறுத்தல் வாங்கி, அதை நீதிமன்றத்துக்குத் தரும் உறுதிமொழியாக உத்தரவில் பதிவு செய்தால், மீறும்போது அவமதிப்பு மனு போடலாம். ஃபைனல் பில்லோடு "வேறு கோரிக்கை இல்லை" என்று ஒரு தாள் நீட்டுவார்கள். செய்த வேலையின் அளவு பதியும் அளவுப் புத்தகத்தைச் சரிபார்க்காமல் அதில் கையெழுத்துப் போட்டால், ரிட்டை விடப் பெரிய இழப்பு அதுதான்.

கட்டுக்காரர்: கால வரம்பையும் பாருங்கள். பணித் தொகைக்கு 3 ஆண்டு. பணம் தரத் தேதி குறிக்காத ஒப்பந்தத்தில் வேலை முடிந்த நாளிலிருந்தே ஓடும். ரிட் நிலுவையில் இருப்பதால் அது நிற்காது. கால வரம்புச் சட்டப் பிரிவு 14-இல் அந்த நாட்களைக் கழிக்க, நல்லெண்ணத்தோடும் அக்கறையோடும் நடத்தியதைக் காட்ட வேண்டும். அந்த மன்றம் விசாரிக்க முடியாத குறையும் இருக்க வேண்டும். சும்மா வாபஸ் என்றால் எதிர்த்தரப்பு இதைத்தான் பிடிக்கும். ஆகவே "ஒப்பந்தத் தகராறு, மாற்றுப் பரிகாரம் உள்ளது" என்ற காரணத்தையும் மெமோவில் எழுதுங்கள்.

அரசுக்கு எதிரான சிவில் வழக்குக்கு முன் சிவில் நடைமுறைச் சட்டப் பிரிவு 80 நோட்டீஸ் கொடுத்து 2 மாதம் காத்திருக்க வேண்டும். 3 லட்சத்துக்குக் குறையாத கட்டுமான ஒப்பந்தம் என்றால் வணிக நீதிமன்றம்; அவசர இடைக்கால நிவாரணம் கேட்காவிட்டால் வழக்குப் போடும் முன் சமரச முயற்சி கட்டாயம். இந்த இரண்டு காலமும் கால வரம்புக் கணக்கில் கழியும். ஒப்பந்தத்தில் நடுவர் ஷரத்து (தகராறை நடுவர் தீர்ப்பார் என்ற விதி) இருந்தால், நடுவரிடம் விடக் கோரும் நோட்டீஸ் எதிர்த்தரப்புக்குக் கிடைத்த நாள்தான் கால வரம்புக்குக் கணக்கு. ஒப்புகை அட்டையைப் பத்திரப்படுத்துங்கள்.