மே 18 கஞ்சி நாளில் எதைச் சொல்லலாம், எதைச் சொல்லக் கூடாது?

செந்தூல்காரன்:
2009-இல் இலங்கைப் போர் முடிந்த முள்ளிவாய்க்காலில் செத்தவர்களை நினைத்து, இந்த மே 18 அன்று கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸ் பக்கம் ஒரு மண்டபத்தில் முள்ளிவாய்க்கால் கஞ்சி கொடுத்தோம். என் மகளுக்குப் பன்னிரண்டு வயது. ஒரு வாய் குடித்துவிட்டு "உப்பு மட்டும்தானாப்பா?" என்றாள். அங்கே கடைசியில் அரிசியும் தண்ணீரும் உப்பும்தான் இருந்தது, அதனால்தான் இப்படிக் கொடுக்கிறோம் என்றேன். அடுத்து கேட்டாள், "அவங்க ஏன் அங்கேயிருந்து போகலை?" நான் பதில் சொல்ல வாயெடுத்ததுமே பக்கத்தில் நின்ற ஏற்பாட்டாளர் "இன்னிக்கு வேணாம் தம்பி" என்று தடுத்துவிட்டார். இலங்கை ராணுவம் பீரங்கிச் செல் அடித்ததைச் சொல்லலாம், விடுதலைப் புலிகள் சனத்தை வெளியே விடாததைச் சொல்லக் கூடாதாம். எனக்கு இது சரியாகப் படவில்லை. பிள்ளையிடம் பாதியைச் சொன்னால், மீதியை அவளே இணையத்தில் படிக்கும்போது நான் சொன்ன பாதியையும் சேர்த்து நம்பாமல் போவாள்.

பத்துமலை மாறன்:
தம்பி, வருடம் முழுக்க உலகம் புலிகளின் தவறைத்தான் பேசுகிறது. அந்த ஒரு நாளாவது செத்தவர்களுக்கு விட்டுக்கொடுங்கள். "ஏன் போகலை" என்ற கேள்வியே வலிக்கிறது. எங்கே போவது? 2009 ஜனவரியில் அரசாங்கமே பாதுகாப்பு வலயம் என்று அறிவித்தது, சனம் நம்பிப் போனது, அங்கேயே செல் விழுந்தது. அப்புறம் இன்னொரு வலயம், அப்புறம் இன்னும் சின்னதாக ஒன்று. புதுக்குடியிருப்பு ஆஸ்பத்திரியையே அடித்தார்கள். கடைசிக் கட்டத்தில் செத்த பொதுமக்களில் பெரும்பாலோர் அரசாங்கத்தின் செல்லடியில் செத்தார்கள் என்று ஐநா நிபுணர் குழுவே 2011-இல் எழுதிவிட்டது. பொதுமக்கள் யாருமே சாகக் கூடாது என்பதுதான் எங்கள் கொள்கை என்று கொழும்பு சொல்லிக்கொண்டிருந்த நேரம் அது.

செந்தூல்காரன்:
அண்ணே, அதே அறிக்கையில்தான் வெளியேற முயன்றவர்களைப் புலிகள் சுட்டார்கள் என்றும், பதினான்கு வயதுப் பிள்ளைகளைக்கூடப் பிடித்துக்கொண்டு போனார்கள் என்றும் இருக்கிறது. ஒரு பக்கத்தைக் கிழித்துவிட்டு மறுபக்கத்தை மட்டும் எப்படிக் காட்டுவது?

பத்துமலை மாறன்:
இரண்டும் ஒரே எடை இல்லை, நான் சொல்வது அதுதான். ஒரு அரசாங்கம் தன் குடிமக்களையே எண்ணிக்கையில் மறைத்தது. 2009 தொடக்கத்தில் உள்ளே 70,000 பேர்தான் இருக்கிறார்கள் என்றது. உணவும் மருந்தும் அந்தக் கணக்குக்குத்தான் போனது. போர் முடிந்தபோது மெனிக் பார்ம் மாதிரி முகாம்களில் அடைக்கப்பட்டவர்கள் மூன்று லட்சத்துக்குக் கொஞ்சம் குறைவு. அப்படியென்றால் இரண்டு லட்சம் பேருக்கு மேல் கணக்கிலேயே இல்லாமல் பட்டினி கிடந்திருக்கிறார்கள்! நீங்கள் கொடுத்த அந்த உப்புக் கஞ்சி வந்த வழி இது. மகளிடம் முதலில் இதைச் சொல்லுங்கள். செத்தவர்கள் 40,000 வரை இருக்கலாம் என்றது 2011 அறிக்கை, அடுத்த வருடம் ஐநாவின் உள் ஆய்வு 70,000 பேருக்கு மேல் கணக்கில் வரவில்லை என்றது. மன்னார் ஆயர் ராயப்பு ஜோசப், அரசாங்கத்தின் பதிவுகளையே கூட்டிக் கழித்து 1,46,679 பேர் எங்கே என்று கேட்டார். இன்றுவரை பதில் இல்லை.

வன்னியாள்:
நான் அங்கே இருந்தவள். இப்போது கோலாலம்பூரில் ஐநா அகதி அட்டையோடு இருக்கிறேன். மாறன் அண்ணை சொன்ன பசி உண்மை. செந்தூல் தம்பி சொன்னதும் உண்மை. முள்ளிவாய்க்கால் கடற்கரை மணலில் பங்கர் வெட்டினால் நிற்காது, சரிந்துவிடும். அதனால் சீலைகளைக் கிழித்துப் பை தைத்து மணலை நிரப்பி அடுக்கினோம். அம்மாவின் கூறைச்சீலையும் அதில் போனது, அரக்கு நிறம், சரிகைப் பக்கம் உள்ளே இருக்கும்படி தைத்தோம். அதற்குள்தான் என் தம்பியை ஒளித்து வைத்திருந்தோம். ஆமிக்காக மட்டுமில்லை. வீட்டுக்கு ஒருவர் என்று தொடங்கி, பிறகு அந்தக் கணக்கும் இல்லாமல் புலிகள் இயக்கம் பிள்ளைகளைப் பிடித்துக்கொண்டிருந்தது. ஏப்ரலில் வந்து இழுத்துக்கொண்டு போனார்கள். மே மாதம் அம்மா செல்லில் போனார். தம்பி என்ன ஆனான் என்று இன்னும் தெரியாது. இரண்டு பேருக்கும் நான் ஒரே விளக்கைத்தான் ஏற்றுகிறேன். அந்த மண்டபத்தில் அம்மாவைப் பற்றிப் பேசவிட்டார்கள். தம்பியைப் பற்றி எழுதிக்கொண்டு போன தாளை, "இதை வாசிக்க வேண்டாம் அக்கா" என்று திருப்பித் தந்துவிட்டார்கள்.

பத்துமலை மாறன்:
அக்கா, இதற்கு என்னிடம் பதில் இல்லை. உங்கள் தாளைத் திருப்பித் தந்தது பெரிய தவறு.

சூலியா தெரு நாசர்:
பினாங்கிலிருந்து எழுதுகிறேன். என் மனைவியின் தாய்வழிக் குடும்பம், முஸ்லிம்கள் வாழ்ந்த யாழ்ப்பாணம் சோனகத் தெரு. 1990 அக்டோபர் 30, இரண்டு மணி நேரத்தில் கிளம்பு என்றார்கள் புலிகள். தமிழில் பேசி, தமிழில் படித்து, தமிழில் கணக்கு எழுதியவர்கள். வடக்கு முழுக்க எழுபதாயிரத்துக்கும் மேற்பட்ட முஸ்லிம்களைப் புலிகள் துரத்தினார்கள், பலர் புத்தளம் முகாம்களில் வருடக்கணக்கில் கிடந்தார்கள். அதே வருடம் ஆகஸ்டில் காத்தான்குடி பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்டவர்களைச் சுட்டார்கள். நானும் கஞ்சி குடிக்க வருகிறவன்தான். ஆனால் தமிழர் பட்டபாடு என்று வரிசையாகச் சொல்கிறீர்களே, 1981-இல் யாழ் நூலகத்தில் எரிந்த 97,000 புத்தகம் வருகிறது, 83 ஜூலைக் கலவரம் வருகிறது, நேராக 2009-க்குத் தாவிவிடுகிறீர்கள். நடுவில் நாங்கள் எங்கே?

பத்துமலை மாறன்:
பாய், 2002-இல் புலிகளின் அரசியல் ஆலோசகர் அன்ரன் பாலசிங்கம் பத்திரிகையாளர்கள் முன்னால் முஸ்லிம்களைத் துரத்தியதற்கு வருத்தம் தெரிவித்தாரே.

சூலியா தெரு நாசர்:
தெரிவித்தார், மறுக்கவில்லை. பன்னிரண்டு வருடம் கழித்து. அந்த வீட்டில் அதற்குள் வேறு யாரோ குடியிருந்தார்கள்.

பத்துமலை மாறன்:
சரி, என் பயத்தையும் கேளுங்கள். 2019-இல் இங்கேயே புலித் தொடர்பு என்று 12 பேரை சொஸ்மா என்ற பாதுகாப்புச் சட்டத்தில் பிடித்து உள்ளே வைத்தார்கள், இரண்டு சட்டமன்ற உறுப்பினர்கள் உட்பட. மறு வருடம் வழக்கை மீட்டுக்கொண்டார்கள், ஆனால் அந்த மாதங்களை யார் திருப்பித் தருவது? அழுவதற்கே இங்கே இவ்வளவு கஷ்டம். அந்த நேரத்தில் நம் ஆட்களே மேடையில் புலிகள் செய்ததைப் பேசினால், கொழும்பு அதை எடுத்து "பார், அவர்களே ஒப்புக்கொள்கிறார்கள்" என்று முள்ளிவாய்க்கால் முழுவதையும் மூடிவிடும். பதினைந்து வருடத்துக்கும் மேலாக அதைத்தானே செய்கிறார்கள். அதனால் மே 18 வேண்டாம், தனியாக ஒரு நாள் வைத்து முஸ்லிம்கள் விஷயத்தையும் கட்டாய ஆள்சேர்ப்பையும் பேசுவோம். நான் வருகிறேன்.

செந்தூல்காரன்:
அண்ணே, அந்தத் தனி நாள் வராது. இத்தனை வருடமாக வரவில்லை. கொழும்பு என்ன சொல்லும் என்று பார்த்துப் பார்த்து நாம் அக்காவின் தாளைத் திருப்பிக் கொடுத்திருக்கிறோம். கிளிநொச்சியில் 2017 பிப்ரவரியிலிருந்து சாலையோரத்தில் பிள்ளைகளின் படத்தைக் கையில் பிடித்தபடி உட்கார்ந்திருக்கும் தாய்மாரைப் பாருங்கள், ராணுவத்திடம் கையளித்த பிள்ளை எங்கே என்று கேட்கிறார்கள். அந்தக் கேள்வி முழு உண்மையாக இருப்பதால்தான் அதை யாராலும் அசைக்க முடியவில்லை. நாம் மறைத்து வைப்பதைத்தான் நாளைக்கு அவர்கள் எடுத்து நம்மை அடிப்பார்கள்.

பத்துமலை மாறன்:
எனக்கு இன்னும் மனம் ஒப்பவில்லை. அக்கா தம்பியைப் பற்றி வாசிக்கட்டும், அதற்கு நானே ஏற்பாட்டாளரிடம் பேசுகிறேன். மேடையில் யார் குற்றம் என்ற பட்டியல் மட்டும் வேண்டாம்.

வன்னியாள்:
பட்டியல் ஒன்றும் இல்லை அண்ணை. ஒன்றரைப் பக்கம்தான். அவனுக்குப் பதினாறு வயது, கணக்கில் கெட்டிக்காரன், இடது புருவத்தில் ஒரு வெட்டுத் தழும்பு. யார் கூட்டிப்போனது என்று ஒரு வரி வரும். அந்த வரியை எடுக்கச் சொன்னால் வாசிக்க மாட்டேன்.