கேஷ் என்பது காசுதான், இதில் என்ன சந்தேகம்?

செம்பூர் காசாளர்
நேற்று மும்பை மாட்டுங்காவில் நம் பிள்ளைகளுக்கான ஞாயிறு தமிழ் வகுப்பில், முலுண்டிலிருந்து வந்த ஒரு டீச்சர் ஆங்கிலச் சொற்களின் பிறப்பைப் பற்றிப் பேசினார். கட்டுமரம் கேட்டமரான் ஆனது, சுருட்டு செரூட் ஆனது, மிளகுத்தண்ணி முல்லிகடானி ஆனது என்றார். நன்றாகத்தான் இருந்தது. என் பேரன் எழுந்து, "கேஷ் காசிலிருந்துதானே வந்தது மிஸ்?" என்று கேட்டான். "இல்லை, அது பிரெஞ்சு. பெட்டி என்று அர்த்தம்" என்று சொல்லி அவனை உட்கார வைத்துவிட்டார். வீட்டுக்கு வந்து, "தாத்தா, நீங்க தப்பாச் சொல்லிக் கொடுத்திட்டீங்க" என்கிறான்.

நான் 31 வருஷம் ஒரு வங்கியில் கேஷ் கவுண்டரில் உட்கார்ந்தவன். என் கவுண்டர் பலகையில் மராத்தியில் ரோக்பால் என்றும் ஆங்கிலத்தில் கேஷியர் என்றும் இருக்கும். அந்தக் கேஷியரைப் பார்க்கும்போதெல்லாம் என் மொழி அங்கே உட்கார்ந்திருக்கிறது என்றுதான் நினைத்துக்கொள்வேன். ஏழாம் நூற்றாண்டில் திருவீழிமிழலையில் சம்பந்தர் "வாசி தீரவே காசு நல்குவீர்" என்று பாடினார். ராஜராஜன் காலத்துத் தஞ்சைக் கல்வெட்டுகளில் காசு வருகிறது. வெண்பாவின் கடைசிச் சீருக்கு வாய்பாடே நாள், மலர், காசு, பிறப்பு. இவ்வளவு பழைய சொல் நம்மிடம் இருக்கும்போது பிரெஞ்சுக்காரனிடம் எதற்குப் போக வேண்டும்?

முலுண்ட் டீச்சர்
அந்த டீச்சர் நான்தான் சார். வகுப்பிலேயே என்னிடம் கேட்டிருக்கலாம். நீங்கள் கடைசி வரிசையில்தான் இருந்தீர்கள்.

காசு பழைய சொல் இல்லை என்று நான் சொல்லவே இல்லை. ரொக்கம் என்ற பொருளில் கேஷ் 1590களிலேயே ஆங்கிலத்தில் இருக்கிறது. பணப்பெட்டிக்குப் பிரெஞ்சில் கேஸ் என்று பெயர், இத்தாலியில் காஸா, இரண்டுக்கும் மூலம் லத்தீனின் காப்ஸா. பெட்டியின் பெயர் உள்ளே இருக்கும் பணத்துக்கு ஆகிவந்தது. கிழக்கிந்தியக் கம்பெனியே 1600 டிசம்பர் 31-இல்தான் பிறந்தது. மதராஸில் கால் வைத்தது 1639-இல். கம்பெனிக்காரன் நம் காசைப் பார்ப்பதற்கு முன்பே லண்டனில் கேஷ் இருந்திருக்கிறது.

செம்பூர் காசாளர்
போர்ச்சுகீசியன் 1498-லேயே கோழிக்கோட்டில் இறங்கிவிட்டானே! 1590-க்கு முன்னால் 90 வருஷம் இருக்கிறது. அதற்குள் ஒரு சொல் லிஸ்பன் போய் அங்கிருந்து லண்டன் போகாதா?

இன்னொன்று. என் தாத்தா வழியில் வந்த ஒரு செம்பு நாணயம் என்னிடம் இருக்கிறது. ஒரு பக்கம் கம்பெனியின் சின்னம், 1808 என்று வருஷம். கைபட்டுக் கைபட்டு இரண்டு சிங்கத்தில் ஒன்றின் முகம் மழுங்கிவிட்டது. மறுபக்கம் பாரசீக எழுத்து, அதன் கீழே ரோமன் எண்ணில் இருபது, பக்கத்திலேயே ஆங்கிலத்தில் கேஷ். மதராஸ் கணக்கில் 80 காசு ஒரு பணம், 42 பணம் ஒரு வராகன். 80 கேஷ் ஒரு ஃபனம் என்றுதான் வெள்ளைக்காரன் கணக்கு எழுதினான். காசு கேஷ் ஆனது, பணம் ஃபனம் ஆனது. செம்பில் அடித்து வைத்திருக்கிறான் அம்மா. இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்?

டோம்பிவலி வாசி
பெரியவர் சொல்வது சரி. கேஷ்யூ நட்கூட காசிலிருந்து வந்ததுதான். முந்திரி காசு மாதிரி விலை உயர்ந்தது என்பதால் அந்தப் பெயர்.

முலுண்ட் டீச்சர்
கேஷ்யூ பிரேசிலின் துப்பி மொழிச் சொல். போர்ச்சுகீசியர் காஜு என்றார்கள். நாம் தினமும் பனியா கடையில் காஜு என்று கேட்டு வாங்குவதும் அதேதான். முந்திரி மரமே அவர்கள் கொண்டுவந்தது. இப்படித்தான் ஒன்றிலிருந்து ஒன்று கிளம்புகிறது.

சார், உங்கள் நாணயத்தை நான் மறுக்கவில்லை. அதில் இருக்கும் கேஷ் உண்மையிலேயே நம் காசுதான். நம் காசு போர்ச்சுகீசிய வாயில் காய்ஷா ஆகி, அங்கிருந்து ஆங்கிலத்துக்குப் போய், கீழ்நாட்டுச் சின்ன நாணயங்களுக்கெல்லாம் பெயரானது. சீனாவின் ஓட்டைச் செப்புக்காசுக்கும் அவர்கள் அதே பெயரை வைத்தார்கள். ஆனால் அது வேறு சொல், ஏடிஎம்மில் எடுக்கும் கேஷ் வேறு சொல். எழுத்தும் ஒலிப்பும் ஒன்று, பிறப்பு இரண்டு.

செம்பூர் காசாளர்
எழுத்து ஒன்று, ஒலிப்பு ஒன்று, பொருளும் ஒன்று. ஆனால் சொல் மட்டும் இரண்டு! இதைத்தான் பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுக்கிறீர்களா? நாணயத்தில் கேஷ் என்று இருக்கிறது. நாணயம் பணம். பணம் கேஷ். முடிந்தது.

முலுண்ட் டீச்சர்
முடியவில்லை சார். பாரசீகத்தில் பத் என்றால் கெட்ட. பத்நாம், பத்தமீஸ் என்று மும்பைத் தெருவில் நாள் முழுக்கக் கேட்கிறோம். ஆங்கிலத்தில் பேட் என்றாலும் கெட்ட. அங்கேயும் ஒலி ஒன்று, பொருள் ஒன்று, ஆனால் இரண்டுக்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. நம் எட்டுக்கும் ஆங்கில எயிட்டுக்கும் அதே கதைதான். காதில் ஒன்றாக விழுந்தால் போதாது. எந்த வருஷம், யார் வாயில், எந்த வழியாக என்று காட்ட வேண்டும்.

தாராவி தோல்கடை
நானும் அந்த வகுப்புக்கு என் மகளைக் கூட்டி வந்திருந்தேன். ஒன்று கேட்கிறேன். தமிழிலிருந்து ஆங்கிலத்துக்குப் போனது என்று எல்லா அகராதியும் சந்தேகமே இல்லாமல் ஒப்புக்கொள்ளும் சொல் ஒன்று இருக்கிறது, பரையா. 17-ஆம் நூற்றாண்டிலிருந்து அங்கே இருக்கிறது. பறை அடித்தவர்களின் பெயரை எடுத்து, யாரும் சேர்த்துக்கொள்ளாதவன் என்று அதற்கு அர்த்தம் வைத்தார்கள். தெருநாய்க்கு அந்தப் பெயர், வானத்தில் சுற்றும் பருந்துக்கும் அந்தப் பெயர். இன்றைக்கும் ஆங்கிலப் பேப்பரில் ஏதாவது ஒரு நாட்டை ஒதுக்கி வைத்தால் பரையா ஸ்டேட் என்று எழுதுகிறார்கள். சுருட்டும் மிளகுத்தண்ணியும் உங்கள் பட்டியலில் இருந்தது. இது ஏன் இல்லை டீச்சர்?

முலுண்ட் டீச்சர்
பத்து வயசுப் பிள்ளைகள் அண்ணாச்சி. நேரமும் 40 நிமிஷம்தான்.

தாராவி தோல்கடை
என் மகளுக்கும் பத்து வயசுதான். பள்ளியில் அந்தச் சொல்லை ஆங்கிலப் பாடத்தில் படித்துவிட்டு வந்து என்னிடம் அர்த்தம் கேட்டாள். நான் சொன்னேன். என்னால் சொல்ல முடிந்தது, உங்களால் முடியவில்லையா?

செம்பூர் காசாளர்
தம்பி, உங்கள் வருத்தம் புரிகிறது. ஆனால் இங்கே பேச்சு காசைப் பற்றி. அதை வேறொரு நாள் பேசலாம்.

தாராவி தோல்கடை
வேறொரு நாள்! தாராவிக்கும் மாட்டுங்காவுக்கும் நடுவில் ஒரு ரயில் பாதைதான் இருக்கிறது. எங்கள் ஆட்கள் திருநெல்வேலியிலிருந்து வந்து இங்கே தோல் பதனிட்ட காலத்திலிருந்து இதையேதான் கேட்கிறோம். பெருமை வருகிற சொல் என்றால் உங்கள் மொழி, வலிக்கிற சொல் என்றால் எங்கள் வருத்தம். போனதை எண்ணுவதாக இருந்தால் எல்லாவற்றையும் எண்ணுங்கள்.

மாட்டுங்கா பாலக்காட்டான்
மாட்டுங்கா என்றால் ஒரே மாதிரி ஆட்கள் என்று முடிவு கட்ட வேண்டாம் அண்ணாச்சி. வகுப்புக்கு மைக் கொண்டுவந்ததும் நாற்காலி போட்டதும் நான்தான். உங்கள் கேள்வி நியாயம், டீச்சர் சொல்லியிருக்க வேண்டும்.

ஆனால் டீச்சரிடம் எனக்கும் ஒரு குறை. மேங்கோ மாங்காயிலிருந்து வந்தது என்று போர்டில் எழுதினீர்கள். போர்ச்சுகீசியன் அதைக் கேட்டது மலபார்க் கரையில். மலையாள மாங்ஙதான் அவன் வாயில் மாங்கா ஆனது. பீட்டல் மலையாள வெற்றிலயிலிருந்து, காயர் கயரிலிருந்து, பாக்குக்குச் சொல்லும் அரிக்கா அடக்கயிலிருந்து. எல்லாம் அந்தக் கரைச் சரக்கு.

செம்பூர் காசாளர்
வந்துவிட்டார் பாலக்காட்டிலிருந்து! கயர் என்றால் என்ன, நம் கயிறுதானே. வெற்றிலை தமிழ் இல்லையா? வீட்டில் தமிழ் பேசிக்கொண்டு, கணக்கு எழுதும்போது மட்டும் எல்லாவற்றையும் மலையாளத்துக்குத் தூக்கிக் கொடுப்பீர்கள். போன வருஷம் பொங்கல் விழாவிலும் இப்படித்தான் செய்தீர்கள்.

மாட்டுங்கா பாலக்காட்டான்
பொங்கலை எதற்கு இழுக்கிறீர்கள் சார்? பாயசத்துக்கு ஆன செலவை நான் சொந்தக் கையிலிருந்து போட்டேன். இன்னும் திரும்பி வரவில்லை. கப்பல் எந்தக் கரையில் நின்றதோ அந்தக் கரைப் பேச்சுதான் போகும். கட்டுமரம் சோழமண்டலக் கரையிலிருந்து போனது, அதை நான் கேட்டேனா? டாம்பியர் என்ற ஆங்கிலேய மாலுமி 1697-இல் தன் பயணக் கதையில் அதை எழுதியிருக்கிறார், அது தமிழ்தான். நாலு மரத்தைச் சேர்த்துக் கட்டினது நம் கட்டுமரம். இப்போது அவர்கள் கேட்டமரான் என்பது இரண்டு உடல் வைத்த சொகுசுப் படகு. சொல் போனது, பொருள் வழியிலேயே மாறிவிட்டது. இதை யாராவது பேசினீர்களா?

டோம்பிவலி வாசி
எல்லாரும் ஊரைப் பற்றியே பேசுகிறீர்கள், நாம் இருக்கிற மும்பையை விட்டுவிட்டீர்கள். நான் துணி மார்க்கெட்டில் 12 வருஷம் இருந்தவன். பிள்ளைகள் போடும் டங்கரீஸ் நம் டோங்ரிதான், சாண்ட்ஹர்ஸ்ட் ரோடு ஸ்டேஷனிலிருந்து நடந்தே போய்விடலாம். அங்கே விற்ற முரட்டுப் பருத்தித் துணிக்கு டுங்ரி என்று பெயர். கப்பல்காரர்கள் அதில் கால்சட்டை தைத்துப் போட்டார்கள்.

நாசிக் பக்கத்துத் தேவ்லாலியும் அப்படித்தான். ஊருக்குத் திரும்புகிற வெள்ளைக்காரச் சிப்பாய்கள் கப்பலுக்காக அங்கே முகாமில் மாதக்கணக்கில் காத்துக் கிடந்தார்கள். வெயிலும் காய்ச்சலும், செய்ய ஒரு வேலையும் இல்லை. புத்தி தடுமாறினவனை டூலாலி டேப் என்றார்கள். அந்த டேப், காய்ச்சலுக்கு நாம் சொல்லும் தாப்தான். என் மச்சான் தேவ்லாலியில்தான் இருக்கிறான், அவனுக்கே இது தெரியாது.

செம்பூர் காசாளர்
நல்ல தகவல். ஆனால் கேஷ்? அதற்கு யாரும் பதில் சொல்லவில்லை.

முலுண்ட் டீச்சர்
நான் மூன்று தடவை சொல்லிவிட்டேன் சார்.

செம்பூர் காசாளர்
சொன்னீர்கள், காட்டவில்லை. நான் நாணயத்தைக் காட்டுகிறேன், நீங்கள் பெட்டியைக் காட்டுகிறீர்கள். அந்தப் பெட்டிக்குள் என்ன இருந்தது? காசு! பெட்டியின் பெயர் காசுக்கு வந்ததாம். ஏன், காசின் பெயர் பெட்டிக்குப் போயிருக்கக் கூடாதா? ஆங்கிலேயர் எழுதின ஹாப்சன்-ஜாப்சன் அகராதி 1886-இல் வந்தது. அதைத் தொகுத்த இருவரில் பர்னெல் தஞ்சாவூரில் நீதிபதியாக இருந்தவர், தமிழ் தெரிந்தவர். அந்த அகராதியிலேயே கேஷுக்குக் கீழே நம் காசு இருக்கிறது.

முலுண்ட் டீச்சர்
சரி, அதே பதிவை முழுக்கப் படியுங்கள். கீழ்நாடுகளில் புழங்கிய மதிப்புக் குறைந்த நாணயங்களுக்கு ஐரோப்பியர் வைத்த பெயர் என்றுதான் அது தொடங்குகிறது. பேச்சு உங்கள் செம்பு நாணயத்தைப் பற்றி, ரொக்கத்தைப் பற்றி இல்லை. கர்ஷம் என்ற வடமொழி எடைப் பெயரையும் அதே பதிவில் சொல்லியிருக்கிறார்கள். அதை மட்டும் ஏன் விட்டுவிட்டீர்கள்? லத்தீன் காப்ஸா கிறிஸ்துவுக்கு முன்பே ரோமில் இருந்த பெட்டி. வாஸ்கோடகாமா வந்து அதற்குப் பெயர் வைக்கவில்லை.

உங்கள் பேரனை நான் அவமதிக்கவில்லை. அந்த வகுப்பில் கேள்வி கேட்ட ஒரே பையன் அவன்தான். அதற்காகத் தப்பான பதிலைச் சொல்ல என்னால் முடியாது.

தாராவி தோல்கடை
அந்தப் பையன் கேள்விக்குத் தப்போ சரியோ ஒரு பதில் கிடைத்தது. நான் கேட்டதற்கு 40 நிமிஷம் என்ற பதில்தான் வந்திருக்கிறது. அடுத்த வகுப்பில் அந்தச் சொல்லை எடுப்பீர்களா மாட்டீர்களா, அதைச் சொல்லுங்கள்.

மாட்டுங்கா பாலக்காட்டான்
அடுத்த வகுப்புக்கு மைக் வேண்டுமென்றால் முதலில் பாயசக் கணக்கை முடியுங்கள்.

செம்பூர் காசாளர்
கர்ஷம் எங்கிருந்து வந்தது என்பதற்குத் தனியாக எழுதுகிறேன், அதுவும் நம்மிடமிருந்து போனதாகத்தான் இருக்கும். அடுத்த ஞாயிறு நாணயத்தோடு வருகிறேன். பேரன் கையில் கொடுத்து, அதில் என்ன எழுதியிருக்கிறது என்று வகுப்பு முன்னால் அவனையே வாசிக்கச் சொல்கிறேன். காசு என்று வாசிக்கிறானா, பெட்டி என்று வாசிக்கிறானா என்று பார்ப்போம்.

முலுண்ட் டீச்சர்
கேஷ் என்று வாசிப்பான் சார். எந்தக் கேஷ் என்று நான் கேட்பேன்.