கலைச்சொல்: ‘டாக்ஸ் இன்கிரிமென்ட் ஃபைனான்சிங்’ – ‘வளர்வரவு ஒதுக்கீடு’ எனலாமா?

அன்புள்ள குழுவினர்க்கு வணக்கம்.

அமெரிக்க மாநிலங்களும் நகராட்சிகளும் பொருளாதார வளர்ச்சிக்காகக் கையாளும் வழிமுறைகளுக்கு நாம் தொகுத்துவரும் சொற்பட்டியலில் வரிவிலக்கு, வரிக்கழிவு, தொழிற்பூங்கா, மானியம் ஆகியவை சிக்கலின்றி முடிந்துவிட்டன. ஒரு பகுதியின் சொத்து மதிப்பு வளர்வதால் மிகும் வரியை அந்தப் பகுதிக்கே செலவிடும் ‘டாக்ஸ் இன்கிரிமென்ட் ஃபைனான்சிங்’ மட்டும் நிற்கிறது. இதற்கு இதுவரை வந்துள்ள பரிந்துரைகள் ‘வரி உயர்வு நிதியம்’, இலங்கை நண்பர் முன்வைத்த ‘வரியேற்ற நிதி’, மூன்றாவதாக ‘வரி திருப்புநிதி’. மூன்றையும் ஏற்க எனக்குத் தயக்கம் உண்டு. காரணத்தைச் சொல்லும் முன், இந்த ஏற்பாடு நடைமுறையில் எப்படி இயங்குகிறது என்பதைச் சற்று விரிவாகவே எழுத வேண்டியிருக்கிறது.

நகரத்தில் நலிந்த ஒரு பகுதியை மாநகராட்சி எல்லை வகுத்து அறிவிக்கிறது. அன்றைய நாளில் அப்பகுதியிலுள்ள சொத்துகளின் வரிமதிப்பு 10 கோடி டாலர் என்றும், பள்ளி வாரியம், பூங்கா வாரியம், கவுன்டி என்னும் வட்டார ஆட்சி, மாநகராட்சி எல்லாம் சேர்ந்து விதிக்கும் சொத்து வரி 7 விழுக்காடு என்றும் வைத்துக்கொள்வோம். ஆண்டுக்கு 70 லட்சம் டாலர் வழக்கம்போல் அவற்றுக்குப் பிரிந்து போகும். சில ஆண்டுகளில் மதிப்பு 16 கோடியாக உயர்ந்து, வரி வரவு 1 கோடியே 12 லட்சம் ஆனால், அதே 70 லட்சம்தான் அந்த அமைப்புகளுக்குப் போகும். மிகுந்த 42 லட்சம் தனிக்கணக்கில் சேர்ந்து, அந்தப் பகுதியின் சாலைக்கும் கழிவுநீர்க் குழாய்க்கும் கட்டடம் எழுப்புவோருக்கான உதவிக்கும் செலவாகும். மாநகராட்சி இந்த வருங்கால வரவைக் காட்டி இன்றே கடன்பத்திரம் வெளியிடலாம். அல்லது கட்டுநர் முதலில் தம் கைப்பணத்தைப் போட்டுவிட்டு, வரவு வரவரத் திரும்பப் பெறலாம்.

இதில் வரி விகிதத்தை உயர்த்தும் முடிவு எங்கும் இல்லை. உயர்ந்தது சொத்தின் மதிப்புதான். ஆனால் ‘வரி உயர்வு’ என்று தலைப்பில் பார்த்த எந்தத் தமிழ் வாசகரும் சொத்து வரியைக் கூட்டிவிட்டார்கள் என்றுதான் படிப்பார். சம்பள ‘இன்கிரிமென்ட்’டைச் ‘சம்பள ஏற்றம்’ என்னும் இலங்கை வழக்கு அழகானது, அதை நான் மதிக்கிறேன்; இருந்தும் ‘வரியேற்றம்’ என்று சேர்த்ததும் அதே பொருள்மயக்கம் வந்துவிடுகிறது. ‘கூடுதல் வரி’, ‘மிகைவரி’ என்று மாற்றினாலும் தீராது, அவை தனியாக விதிக்கப்படும் மேல்வரியைக் குறித்துவிடும்.

‘திருப்புநிதி’ என்னும் சொல்லைப் பற்றித்தான் அதிகம் யோசித்தேன், ஏனெனில் அதை முன்மொழிந்தவரின் கவலை நியாயமானது. பள்ளிக்குப் போகவேண்டிய பணம் கட்டுநருக்குத் திருப்பிவிடப்படுகிறது என்பது அவர் வாதம். இந்த முறை 1952-இல் பிறந்த கலிஃபோர்னியாவுக்கு அது நன்றாகவே பொருந்துகிறது. அங்கே 1978-இல் மக்கள் வாக்கெடுப்பில் நிறைவேறிய 13-ஆம் முன்மொழிவு சொத்து வரிக்கு 1 விழுக்காடு என்று உச்சவரம்பு கட்டிவிட்டதால், இம்முறையை நடத்திய மறுசீரமைப்பு முகமைகள் எடுத்துக்கொண்ட ஒவ்வொரு டாலரும் வேறோர் அமைப்பின் கையிலிருந்து போன டாலராகவே இருந்தது. பள்ளிகளின் இழப்பை மாநிலக் கருவூலம் ஈடுகட்ட வேண்டியதாயிற்று. மாநிலத்தின் மொத்தச் சொத்து வரியில் ஏறத்தாழ 12 விழுக்காடு இந்த முகமைகளுக்குப் போன நிலையில், ஜெர்ரி பிரவுன் ஆளுநராக இருந்தபோது அவற்றைக் கலைக்கும் சட்டம் வந்தது. மாநில உச்ச நீதிமன்றம் அதை ஏற்க, 2012 பிப்ரவரி 1 அன்று சுமார் 400 முகமைகள் மூடப்பட்டன. பின்னர் 2014-இல் அதே மாநிலம் வேறு வடிவில் இம்முறையைக் கொண்டுவந்தபோது பள்ளிகளின் பங்கைத் தொடக்கூடாது என்று சட்டத்திலேயே எழுதிவைத்தது.

இல்லினாய் மாநிலத்தில் கணக்கே வேறு. அங்கே பள்ளி வாரியமும் பூங்கா வாரியமும் தமக்கு எவ்வளவு தொகை தேவை என்பதை முதலில் தீர்மானிக்கின்றன. அந்தத் தொகையை நகரின் மொத்த வரிமதிப்பால் வகுத்து வருவதுதான் விகிதம். ஒரு பகுதியின் வளர்ந்த மதிப்பை அந்த மொத்தத்திலிருந்து விலக்கிவிட்டால் வகுக்கும் எண் சிறுத்து விகிதம் ஏறுகிறது, அதன் சுமை நகரெங்கும் உள்ள வீட்டுக்காரர்மீது விழுகிறது. பள்ளிக்கு வரும் தொகை அதனால் நேராகக் குறைந்துவிடுவதில்லை. எனவே ‘திருப்புநிதி’ என்று பெயரிட்டால் ஒரு மாநிலத்தின் குறை மட்டும் சொல்லில் ஏறி, இல்லினாயின் பெருநகரான சிகாகோவில் உண்மையில் யார் சுமக்கிறார் என்பது மறைந்துபோகும். குறை சொல்லவேண்டாம் என்பதல்ல. அதைச் சொல்லும் இடம் பெயருக்குப் பின்வரும் விளக்கம்.

இல்லினாய் 1977-இல் இயற்றிய சட்டத்தின் பெயரில் ‘ஃபைனான்சிங்’ இல்லை, ‘அலொகேஷன்’ இருக்கிறது. நிதி எங்கிருந்தோ திரட்டப்படுவதில்லை, வளரும் வரவு ஓரிடத்துக்கென ஒதுக்கப்படுகிறது என்பதை அது சரியாகப் பிடித்திருக்கிறது. அதனால் ‘வளர்வரவு ஒதுக்கீடு’ என்று முன்மொழிகிறேன். ‘வளர்வரவு’ வினைத்தொகை: வளர்ந்த, வளர்கின்ற, வளரும் வரவு மூன்றையும் தாங்குகிறது, கடன் வாங்குவது வளரப்போகும் வரவை நம்பித்தான் என்பதால் இது வெறும் இலக்கண வசதி அல்ல. ‘வரி’ என்ற சொல் இதில் இல்லையே என்ற கேள்வி எழும். ‘வளர்வரி’ என்றால் நம் பொருளியல் பாடநூல்களின் ‘வளர்விகித வரி’யோடு (வருமானம் ஏற ஏற விகிதமும் ஏறும் வரி) குழம்பும், மேலும் மிசௌரி போன்ற மாநிலங்களில் சொத்து வரியோடு விற்பனை வரியின் வளர்ச்சியில் பாதியும் சேர்த்துக்கொள்ளப்படுவதால், ‘வரவு’ என்பதே அகலமாகப் பொருந்துகிறது.

துணைச்சொற்களில் அறிவிப்பு நாளின் மதிப்புக்கு ‘அடிமதிப்பு’ போதும். எல்லை வகுத்த பகுதியை ஆங்கிலத்தில் ‘டிஸ்ட்ரிக்ட்’ என்றாலும், தமிழில் ‘மாவட்டம்’ கூடவே கூடாது. ‘ஒதுக்கீட்டுப் பகுதி’ எனலாம்.

நான் மிகவும் வலியுறுத்த விரும்புவது ‘பட்-ஃபார்’ சோதனைக்கான சொல். அரசின் உதவி இல்லாவிட்டால் இந்த வளர்ச்சி நடந்திருக்காது என்று மெய்ப்பித்தால்தான் இம்முறையை அனுமதிக்கலாம் என்பது அதன் சாரம். இதற்குப் புதிதாக எதையும் புனைய வேண்டாம், ‘இன்றியமையாமை’ கையிலேயே இருக்கிறது: அது இன்றி அமையாது என்பதே கேள்வி. எனவே ‘இன்றியமையாமைச் சோதனை’. முழு ஏற்பாட்டின் நியாயமும் இந்த ஒரு சோதனையில் தொங்குகிறது. சிகாகோ நகரவை 2019 ஏப்ரலில் லிங்கன் யார்ட்ஸ் என்னும் கட்டுமானத் திட்டத்துக்கு 130 கோடி டாலர் வரை அனுமதித்தபோது எழுந்த எதிர்ப்பும் இதையே கேட்டது: செல்வம் மிகுந்த வடபகுதிக் குடியிருப்புகளின் நடுவே, ஆற்றோரமாக உள்ள நிலம் உதவி இன்றியே வளராதா? பொருளியலாளர்கள் ரிச்சர்ட் டை, டேவிட் மெரிமன் இருவரும் 2000-இல் வெளியிட்ட ஆய்வு, சிகாகோ வட்டாரத்தில் இம்முறையைக் கையாண்ட ஊர்கள் கையாளாத ஊர்களைவிட மெதுவாகவே வளர்ந்தன என்று கண்டது. ஒதுக்கீட்டுப் பகுதிக்குள் தெரியும் வளர்ச்சி பக்கத்துத் தெருவிலிருந்து நகர்ந்து வந்ததாகவும் இருக்கலாம் என்பதை வாசகர் உணர, இச்சொல் தெளிவாக இருக்கவேண்டும்.

இது அமெரிக்கச் செய்தியாக மட்டும் நிற்கப்போவதில்லை. இந்திய நகர்ப்புற வளர்ச்சி அமைச்சகம் 2017-இல் வெளியிட்ட மதிப்புப் பகிர்வு நிதிக் கொள்கைச் சட்டகத்தில் இம்முறையும் ஒரு வழியாக இடம்பெற்றுள்ளது. நம் மாநகராட்சிகள் இதைப் பேசத் தொடங்கும்போது, சொத்து வரி கட்டுபவர் தமிழில் கேள்வி கேட்க முடியவேண்டும்.

ஒன்று மட்டும் எனக்கு இன்னும் தீரவில்லை. சிகாகோ மாநகராட்சி தனிக்கணக்கில் செலவாகாமல் நிற்கும் தொகையை அவ்வப்போது விடுவித்துப் பள்ளி வாரியம் முதலியவற்றுக்குப் பங்கிடுகிறது. அதில் பாதிக்கு மேல் பள்ளிகளுக்குப் போகிறது. இதை ‘உபரி’ என்றால், வளர்வரவையே உபரி என்று எண்ணிவிடுவார்களோ என்று அஞ்சுகிறேன். ‘விடுவித்த மீதம்’ என்பது என் இப்போதைய எண்ணம். கணக்குத் துறையில் பணிபுரியும் உறுப்பினர்கள் தங்கள் அலுவலக வழக்கில் இதற்கு என்ன சொல் உண்டு என்று எழுதினால், பட்டியலின் இந்தப் பதிவை முடித்துவிடலாம்.

அன்புடன்.