ஆடப்போகும் அணிகளே தெரியாமல் 2027 சூப்பர் பவுலுக்கு எப்படித் திட்டமிடுகிறார்கள்?

மேகலா:
சூப்பர் பவுல் என்கிற அமெரிக்கக் கால்பந்து இறுதிப் போட்டிக்கு 2027 பிப்ரவரி 14, கலிஃபோர்னியாவின் இங்கிள்வுட், சோஃபை அரங்கம், ஒளிபரப்பு ஏபிசி மற்றும் ஈஎஸ்பிஎன். எல்லாம் முடிவாகிவிட்டது. ஆடப்போகிறவர்கள் யார் என்பது மட்டும் இரண்டு வாரம் முன்புதான் தெரியுமாம். பெண்ணும் மாப்பிள்ளையும் அமையாமல் மண்டபம் பிடித்த கதையாக இருக்கிறதே! ஒளிபரப்புக் குழு எதை வைத்துத் திட்டமிடுகிறது?

ஒலிப்பெட்டி:
விளையாட்டு நேரலைகளில் ஒலிப் பிரிவில் வேலை செய்கிறவன் என்ற முறையில் சொல்கிறேன். அணிகள் தெரியாதது எங்களுக்குப் பெரிய கவலையே இல்லை. யார் வந்தாலும் ஆடுகளம் 100 கெஜம், பக்கத்துக்கு 11 பேர். கேமரா நிற்கும் இடம், கேபிள் போகும் வழி, மைக் எதுவும் மாறாது. வீரர்களின் படங்கள், பேட்டிகள், களத்தின் இரு முனைகளிலும் தீட்டும் அணிப் பெயர்கள், இவற்றுக்கு இரண்டு வாரம் போதும்.

சேனலும் திடீர் முடிவல்ல. 2021 ஒப்பந்தப்படி சிபிஎஸ், ஃபாக்ஸ், என்பிசி, ஏபிசி-ஈஎஸ்பிஎன் என்று முறை சுற்றி வருகிறது. ஏபிசி கடைசியாக இதைக் காட்டியது 2006இல். ஈஎஸ்பிஎன்னுக்கு இதுதான் முதல் முறை.

என்னைக் கேட்டால், வயிற்றைக் கலக்குவது ஆட்டம் அல்ல, இடைவேளைதான். சாதாரண ஆட்டத்தில் அது கால் மணி நேரம்கூட வராது. இதில் நடுவே பாட்டு நிகழ்ச்சி இருப்பதால் சுமார் அரை மணி நேரம். அதற்குள் மேடையைத் துண்டு துண்டாக உருட்டி வந்து பூட்டி, ஒலி இணைத்து, பாட்டு முடிந்ததும் தடமே தெரியாமல் அப்புறப்படுத்த வேண்டும். ஒரு இணைப்பு சரியாக அமராவிட்டால் சரிசெய்ய யாரும் நேரம் தரமாட்டார்கள். படம் நன்றாக வந்தால் இயக்குநரைப் புகழ்வார்கள், ஒலி போனால் மட்டும் எங்களைத் தேடுவார்கள். அது கிடக்கட்டும்.

வெளிச்சம் இன்னொரு தலைவலி. கிழக்குக் கரைக்கு வசதியாக வழக்கம்போல் அங்கே மாலை ஆறரைக்குத் தொடங்கினால், இங்கிள்வுட்டில் பிற்பகல் மூன்றரைதான். சோஃபையின் கூரை ஒளி புகக்கூடியது, பக்கங்களும் திறந்தவை. வெயிலில் தொடங்கி இருட்டில் முடியும் ஆட்டத்தில் கேமராக்காரர்கள் ஓயாமல் ஒளியளவைத் திருத்திக்கொண்டே இருக்க வேண்டும்.

பழைய ரசிகன்:
ஒலிப்பெட்டி, 2013இல் நியூ ஆர்லியன்ஸில் நடந்த சூப்பர் பவுலை மறந்துவிட்டீர்களே! மூன்றாம் கால் பகுதியில் அரங்கத்தின் பாதி விளக்குகள் அணைந்து 34 நிமிடம் ஆட்டம் நின்றது. ரேவன்ஸ் அணி அப்போது 28-6 என முன்னிலை. முடிவில் 34-31 என்று மயிரிழையில் தப்பித்தார்கள்.

ஒலிப்பெட்டி:
மறப்பேனா? வர்ணனை அறையின் ஒலி அன்று போய்விட்டது. களத்தோரம் நின்ற நிருபர் ஸ்டீவ் டாஸ்கர்தான் நடப்பதை எடுத்துச் சொன்னார். மாற்று மின்சாரமும் மாற்று ஒலிவழியும் தனித்தனிப் பாதையில் வர வேண்டும் என்று நாங்கள் அடம்பிடிப்பது இதற்காகத்தான். கணக்குப் பிள்ளைகளுக்கு அது வீண்செலவாகத் தெரியும்.

பழைய ரசிகன்:
1967இல் லாஸ் ஏஞ்சலஸில் நடந்த முதல் ஆட்டத்தை சிபிஎஸ், என்பிசி இரண்டும் காட்டின. இரண்டாம் பாதி தொடங்கியபோது என்பிசி இன்னும் நேரலைக்குத் திரும்பியிருக்கவில்லை. அதனால் பந்தை மறுபடி உதைக்க வைத்தார்கள். இன்று அப்படிச் செய்தால் பந்தயம் கட்டியவர்கள் சும்மா விடுவார்களா?

மேகலா:
நன்றி, ஐயா. ஒன்றே ஒன்று. பிப்ரவரி 14 வரை தள்ளிப்போனது காதலர் தினத்துக்காகவா?

ஒலிப்பெட்டி:
இல்லை அம்மா, நாட்காட்டிதான் காரணம். 2021இல் ஒவ்வோர் அணிக்கும் பருவத்துக்கு 16 ஆட்டம் 17 ஆனதால் இறுதிப் போட்டி பிப்ரவரியின் இரண்டாம் ஞாயிறுக்கு நகர்ந்தது. இரண்டாம் ஞாயிறு இதைவிடத் தாமதமாக வரவே முடியாது. மறுநாள் திங்கள் அமெரிக்காவில் அதிபர்கள் தின விடுமுறை வேறு. ஒளிபரப்பு நிறுவனத்துக்கு அதைவிட என்ன வேண்டும்?