கடற்கரை அம்மா பேசுகிற கவிதை: எங்கே பிசகினேன்?

தக்கலைக்காரி:
எங்கள் தெருவுக்கு மணவாளக்குறிச்சியிலிருந்து மீன் கொண்டுவரும் அம்மா பேசுவதுபோல ஒரு கவிதை எழுதினேன். ‘அலைகளே, என் மகன் எங்கே?’ என்று தொடங்கும். கடற்கரையில் பிறந்த தோழி ஒருத்தி படித்துவிட்டு, “இது எங்க அம்மா இல்ல. பஸ் ஜன்னல்ல கடலைப் பாத்தவ பேசுறா” என்று சொல்லிவிட்டாள். கடற்கரை நிலமான நெய்தலுக்கு இரங்கல், அதாவது பிரிவில் வருந்துவதுதானே உரிப்பொருள்? தொல்காப்பியத்தை நம்பித்தான் எழுதினேன்!

குளச்சல்வலை:
தோழி சொன்னது சரி. எங்கள் பக்கம் அலையிடம் யாரும் பேசுவதில்லை. ஜூன், ஜூலையில் விசைப்படகுக்கு மீன்பிடித் தடைக்காலம். கடலடி, அதாவது கடல் சீற்றம் வந்துவிட்டால் வள்ளம் என்கிற நாட்டுப்படகும் இறங்காது. அந்த நாட்களில் என் அம்மா கடல் பக்கமே திரும்ப மாட்டாள். முற்றத்தில் மீன் சருவத்தைக் கவிழ்த்துப்போட்டு, பக்கத்தில் உட்கார்ந்து, வட்டிக்காரனுக்கு எத்தனை வாரம் பாக்கி என்று விரல்விட்டு எண்ணுவாள். ஐந்தாவது விரலில் நிறுத்திவிட்டு மறுபடி முதலிலிருந்து. இரங்கல் வேண்டுமென்றால் அந்த விரலில் தேடுங்கள்.

தூத்தூரான்:
இன்னொன்று. கரையில் நிற்பவர்தான் கடலைப் பார்ப்பார், கடலில் இருப்பவன் கண் கரைமேல். அப்பா காலத்தில் ஜிபிஎஸ் ஏது? ஒரு மலையையும் ஒரு கோவில் கோபுரத்தையும் நேராக வைப்பார், வேறு திசையில் இன்னொரு ஜோடி. இரண்டு கோடும் வெட்டுகிற இடத்தில் கீழே பார் என்கிற பாறைத்திட்டு இருக்கும், மீன் இருக்கும். கணிச்சம் என்போம். ஆகவே அந்த மகன் பேசினால் அவன் வாயில் மலைதான் அதிகம் வரும். மலைநிலக் குறிஞ்சிக்காரர்கள் கோபித்தால் கோபிக்கட்டும்.

வயல்வரப்பு:
நான் நாஞ்சில்நாட்டுக்காரன், கடல் தெரியாது. ஆனால் எங்கள் தேரூர் கவிமணியின் ‘மருமக்கள் வழி மான்மியம்’ தெரியும். அதில் பேசுவது ஒரு மனைவி. அந்தக் காலத்து மருமக்கள் வழி வழக்கப்படி சொத்து மகனுக்குப் போகாது, சகோதரியின் மகனுக்குப் போகும். அதனால் அவள் புலம்பலே சொத்துவழக்கு மாதிரி இருக்கும். வேறு ஊரில் அந்தக் குரல் பிறந்தே இருக்காது. இதற்கு மேல் எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

தக்கலைக்காரி:
எல்லோருக்கும் நன்றி. இன்று காலை அந்த அம்மாவிடமே கேட்டேன், கடலடி நாளில் மனதில் என்ன ஓடும் என்று. “மீனு வேணுமா வேண்டாமா மக்கா, வெயிலு ஏறுது” என்றார். பழைய முதல் வரியை அடித்துவிட்டு இதை எழுதியிருக்கிறேன். இரண்டாவது வரி இன்னும் வரவில்லை. அரைக்கிலோ சாளை வாங்கினேன்.