பந்தைத் தர மறுக்கும் பள்ளி அணி கேப்டன்

ஓமலூர் தந்தை:
என் மகன் பள்ளி கிரிக்கெட் அணியின் கேப்டன். புதிதாகச் சேர்ந்த இடக்கைப் பந்துவீச்சாளனுக்கு ஓவரே தருவதில்லை. கேட்டால், "அடி வாங்குவான்" என்கிறான். எப்படிப் புரியவைப்பது?

தாரமங்கலத்துக்காரர்:
ஆஸ்திரேலியாவுக்கு எதிரான 2021 ஜனவரி பிரிஸ்பேன் டெஸ்டைப் போட்டுக் காட்டுங்கள். பும்ரா, அஸ்வின், ஜடேஜா மூவரும் காயம். கேப்டன் ரகானே நம் சின்னப்பம்பட்டி இடக்கைப் பந்துவீச்சாளர் நடராஜனை நம்பிப் பந்தைக் கொடுத்தார். நடராஜனுக்கு அதுதான் முதல் டெஸ்ட்; முதல் இன்னிங்ஸிலேயே 3 விக்கெட்! சதமடித்த லபுஷேனையே வீழ்த்தினார். தொடரை வென்றதும் கோப்பையையும் அவர் கையிலேயே ரகானே கொடுத்தார். அதுதான் கேப்டன்!

அஸ்தம்பட்டி வாசகி:
வலைப்பயிற்சிக்குப் பந்துவீசப் போனவர், ஒரே பயணத்தில் டெஸ்ட், ஒருநாள், டி20 என மூன்று வகை ஆட்டங்களிலும் அறிமுகமானார். அதையும் சொல்லுங்கள்.

தாரமங்கலத்துக்காரர்:
இன்னொன்று. பையன் பவுண்டரி கொடுத்தால் உடனே மாற்ற வேண்டாம். மிட்விக்கெட் எல்லையில் ஓர் ஆளை நிறுத்திவிட்டு, அதே முனையிலிருந்து வரும் அடுத்த ஓவரையும் அவனிடமே கொடுக்கச் சொல்லுங்கள்.