டிராகன்ஸ்பெர்க் குளிருக்கு எடை குறைந்த ஸ்லீப்பிங் மேட்: எதை வாங்கலாம்?

சென்சூரியன்வாசி

எல்லாருக்கும் வணக்கம். இங்க தென்னாப்பிரிக்காவுல குளிர்காலமான ஜூலைல நானும் ஆபீஸ் நண்பர்கள் ரெண்டு பேரும் டிராகன்ஸ்பெர்க் மலையில சென்டினல் கார் பார்க்ல இருந்து செயின் லேடர் (சங்கிலி ஏணி) ஏறி, ஆம்பிதியேட்டர்ங்கிற பாறைச் சுவரோட உச்சியில ஒரு ராத்திரி டென்ட் போட்டோம். நடை பிரமாதம். துகேலா அருவி விழுற இடத்துல ஓரமெல்லாம் ஐஸ் கட்டிக் கிடந்துச்சு. ராத்திரிதான் வினை.

மைனஸ் 5 டிகிரி வரைக்கும் தாங்கும்னு போட்ட ஸ்லீப்பிங் பேக். உள்ள தெர்மல், அதுக்கு மேல ஃப்ளீஸ். நெஞ்சுப் பக்கம் கதகதப்பாத்தான் இருந்துச்சு, ஆனா முதுகும் இடுப்பும் விறைச்சுப் போச்சு. குப்புறப் படுத்தா வயிறு விறைக்குது. விடியறதுக்குள்ள மேட்டும் பாதி தொய்ஞ்சிருச்சு. காலைல தடவிப் பார்த்தா ஓட்டை எதுவும் அகப்படல.

மேட் ஆன்லைன்ல வாங்கினது, காத்து ஊதுற வகை, 5 செ.மீ. உயரம், 480 கிராம். உறையில வேற விவரம் எதுவும் இல்ல. இப்ப ஸ்லீப்பிங் பேக்கை மாத்தணுமா, மேட்டை மாத்தணுமா? ஏற்கெனவே முதுகுல 13 கிலோ. அதனால மேட் அரை கிலோ, மிஞ்சினா 600, 700 கிராமுக்குள்ள இருக்கணும். 2000 ரேண்ட் பக்கம் செலவழிக்கலாம். நான் ஒருக்களிச்சுப் படுக்கிற ஆள். செப்டம்பர்ல திரும்பப் போறோம்.

பெர்க் அண்ணாச்சி, பீட்டர்மாரிட்ஸ்பர்க்

தம்பி, பேக்கைக் குறை சொல்லாதீங்க, அது தன் வேலையைச் செஞ்சிருக்கு. நெஞ்சு கதகதப்பா இருந்துச்சுன்னு நீங்களே சொல்லிட்டீங்களே. பேக்ல சூட்டைப் பிடிச்சு வைக்கிறது பஞ்சோ இறகோ இல்ல, அதுக்கு நடுவுல நிக்கிற காத்து. உங்க உடம்புக்கு அடியில இருக்கிற பாகம் நசுங்கி அப்பளமா ஆயிடும், காத்து நிக்க இடமே கிடையாது. கீழ்ப்பக்கத்துக்கு உங்களுக்கு இருக்கிற ஒரே துணை மேட்தான்.

இன்னொண்ணு, கடைக்காரங்க சொல்ல மாட்டாங்க. பேக் மேல போடுற அந்த டிகிரிக் கணக்கையே, அடியில ஆர் மதிப்பு கிட்டத்தட்ட 5 இருக்கிற மேட்டைப் போட்டுத்தான் ஆய்வுக்கூடத்துல அளக்கிறாங்க. உங்க மேட்ல உள்ள ஒண்ணுமே அடைக்காம வெறும் காத்து மட்டும்னா அதோட ஆர் 1 சொச்சம் இருந்தா அதிகம். மைனஸ் 5 எப்படித் தாங்கும்?

ஆர் மதிப்புன்னா சூடு தரைக்குப் போறதை மேட் எவ்வளவு தடுக்குதுங்கிற கணக்கு. எண் கூடக் கூட நல்லது. முன்னாடி ஒவ்வொரு கம்பெனியும் தனக்குத் தோணின மாதிரி அளந்து எழுதினாங்க. 2018-ல ஏஎஸ்டிஎம் எஃப்3340-னு ஒரு பொது முறை வந்துச்சு. ஒரு பக்கம் உடம்புச் சூட்டுல ஒரு தட்டு, இன்னொரு பக்கம் குளிர்ந்த தட்டு, நடுவுல மேட். சூடான தட்டை அதே சூட்டுல வச்சிருக்க எவ்வளவு மின்சாரம் இழுக்குதுன்னு பார்ப்பாங்க. பெரிய கம்பெனிங்க எல்லாம் 2020 வாக்குல இதுக்கு மாறிட்டாங்க. அதனால பழைய சரக்குல இருக்கிற எண்ணைப் புதுசோட ஒப்பிடாதீங்க. எண்ணே போடாத மேட்டை வாங்கவே வாங்காதீங்க.

மேல எஸ்கார்ப்மென்ட்ல, அதாவது மலைச் சரிவோட உச்சி விளிம்புல, மே முதல் செப்டம்பர் வரை படுக்கணும்னா என் கணக்கு 4.5-க்குக் கீழ போகக் கூடாது. செப்டம்பர்னா வசந்தம்தானேன்னு நினைக்க வேண்டாம். 2024 செப்டம்பர்ல வான் ரீனன் கணவாய்ல பனி கொட்டி என்3 ரோடே மூடிக் கிடந்துச்சு, வண்டிக்குள்ளயே ராத்திரியைக் கழிச்சாங்க ஜனங்க. நீங்க படுக்கப் போற இடம் அதைவிட ஆயிரம் மீட்டருக்கு மேல உசரம்.

மலைப்பாம்பு

இதுக்கெல்லாம் எண் பார்த்து வாங்கணுமா? நம்ம தாத்தா பாட்டி எல்லாம் கோரைப்பாயில படுத்துத்தான் தொண்ணூறு வயசு வரை இருந்தாங்க. சுருட்டிப் பை மேல கட்டிக்கிட்டுக் கிளம்ப வேண்டியதுதான் 😄

இல்லன்னா ஒரு ஸ்பேஸ் பிளாங்கெட், அந்த வெள்ளித்தாள், மேட்டுக்கு அடியில விரிச்சிட்டா போதும். 50, 60 கிராம்தான்.

பெர்க் அண்ணாச்சி

கோரைப்பாய் சித்திரை வெயிலுக்கு. சூட்டை உடம்புல இருந்து தரைக்குக் கடத்தி விடுறதுதான் அதோட சிறப்பு. தம்பி படுத்த மேட்டும் அதே வேலையைத்தான் பார்த்திருக்கு.

வெள்ளித்தாள் சூட்டைத் திருப்பி அனுப்பணும்னா அதுக்கு முன்னால காத்து இடைவெளி வேணும். மேட்டுக்கும் தரைக்கும் நடுவுல ஒட்டிக் கிடந்தா நேரா கடத்திடும், பிரயோஜனம் இல்ல. விலை கூடின காத்து மேட்ல அந்தத் தாளை உள்ளுக்குள்ள அடுக்கடுக்கா, இடைவெளி விட்டு வச்சுத் தைக்கிறாங்க. காசே அதுக்குத்தான். நீங்க புரளும்போது உள்ள இருக்கிற காத்து மொத்தமா அலையாம தடுக்கிறதும் அந்த அடுக்குதான்.

கல்யாணி, டர்பன்

வணக்கம் தம்பி. ஒருக்களித்துப் படுப்பவர் என்று சொன்னீர்கள், அதைப் பற்றி யாரும் பேசவில்லையே. நானும் அப்படித்தான். மல்லாந்து படுப்பவருக்கு 2 செ.மீ. ஃபோம் போதும், நமக்கு இடுப்பெலும்பும் தோளும் தரையில் இடிக்கும். 7 செ.மீ. அளவில் உயரம் இருந்தால்தான் எனக்குத் தூக்கம் வரும்.

கடையில் பார்க்கும்போது கூச்சப்படாமல் விரித்து ஒருக்களித்துப் படுங்கள். மற்றவர் யாரையாவது இடுப்புக்கு அடியில் மேட்டை அழுத்திப் பார்க்கச் சொல்லுங்கள், தரை தட்டுகிறதா என்று தெரியும். கல் மாதிரி இறுக ஊதாதீர்கள். படுத்த பிறகு வால்வைத் தொட்டுத் தொட்டுக் கொஞ்சம் காற்றை விடுங்கள், இடுப்பு அமுங்கி, தரையைத் தொடாமல் நிற்கும் இடம் ஒன்று வரும். அதுதான் சரியான அளவு. சாதாரண அகலம் 51 செ.மீ., அதில் என் முழங்கை வெளியே விழுந்து குளிரில் விறைக்கிறது. 63, 64 செ.மீ. அகலத்திலும் கிடைக்கும், எடை கொஞ்சம் கூடும்.

பெண்கள் யாராவது இதைப் படித்தால்: நமக்கு அதே குளிர் இன்னும் அதிகமாகத் தெரியும். பெண்களுக்கான மாடல் பல கம்பெனிகளில் நீளம் குறைவாக, ஆர் மதிப்பு கூடுதலாக வரும். நான் உயரம் குறைவு என்பதால் எடையும் மிச்சம்.

எல்லா நடைக்கும் மேட் தேவையில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். ஓட்டர் டிரெயில், ஜயன்ட்ஸ் கப் இரண்டிலும் குடிலில் தங்கல். கட்டிலும் மெத்தையும் உண்டு. உச்சியிலும் குகையிலும் படுப்பவர்களுக்குத்தான் இந்தக் கவலை.

கேப் குமரன்

மேட் தொய்ஞ்சதைப் பத்தி. ஓட்டை இல்லாமலே தொய்யும் ப்ரோ. சாயங்காலம் வாயால ஊதுற காத்து சூடானது. ராத்திரி மைனஸ் 5-க்கு வந்ததும் அந்தக் காத்து சுருங்கும். 20 டிகிரில இருந்து மைனஸ் 5-க்கு இறங்கினாலே நூத்துக்கு எட்டு ஒன்பது பங்கு போயிடும், வாய்ச்சூட்டுல இருந்து கணக்குப் போட்டா இன்னும் கூட. டென்ட் போட்டதும் ஊதி வச்சிட்டு, சாப்பிட்டு வந்து படுக்கிறதுக்கு முன்னாடி இன்னொரு தடவை ஊதுங்க. வாயால வேண்டாம், ஈரம் உள்ள போய் உறையும். பம்ப் சாக்குனு ஒரு பை வரும், அதை வால்வுல மாட்டி அமுக்கினா போதும்.

ஆனா பாதி அளவுக்குத் தொய்ஞ்சதுன்னா எனக்குச் சந்தேகம். வீட்ல ஒரு ராத்திரி, சூடு மாறாத ரூம்ல, இறுக்கமா ஊதி மேல நாலு புத்தகத்தை வச்சிட்டுத் தூங்குங்க. காலைலயும் அதே இறுக்கம்னா குளிர்தான் காரணம். தொய்ஞ்சா ஓட்டை. எல்லாரும் பாத்டப்ல முக்கச் சொல்வாங்க. 2018-ல குழாய்த் தண்ணியே நின்னுடும்னு ‘டே ஜீரோ’ நாளைப் பயந்து எண்ணின கேப் டவுன்காரனுக்குத் தொட்டி நிரப்ப மனசு வராது. பாத்திரம் கழுவுற சோப்பை நுரையாக்கி ஸ்பான்ஜால தடவுங்க, முதல்ல வால்வைச் சுத்தி, அப்புறம் தையல் ஓரம். பொடிப்பொடியா குமிழி ஒரே இடத்துல எழும்பும். பேனாவால வட்டம் போட்டு, காய வச்சு, ஸ்பிரிட்டால துடைச்சு, அதுக்கப்புறம் பேட்ச். வால்வு ரப்பர்ல ஒரு மணல் துகள் உக்காந்திருந்தாலும் ராத்திரி பூரா கசியும், அதையும் பாருங்க.

எங்க பக்கம் காரூங்கிற வறண்ட நிலத்துல நெருஞ்சி முள்தான் எமன். காத்து மேட்டை மட்டும் நம்பி அங்க படுக்கவே மாட்டேன், அடியில ஒரு மெல்லிசு ஃபோம் எப்பவும் இருக்கும்.

பெர்க் அண்ணாச்சி

குமரன் சொன்ன அந்த ஃபோம்தான் தம்பிக்கும் விடை. ஆர் மதிப்பைக் கூட்டிக்கலாம்: மேல 3, கீழ 2 போட்டா 5. காசு இருந்தா நியோஏர் எக்ஸ்லைட் என்எக்ஸ்டிங்கிற காத்து மேட் ஒண்ணே போதும், 370 கிராம்ல 4.5 ஆர், 7.6 செ.மீ. உயரம். உங்க பட்ஜெட்ல அது வராது.

அதனால ஆர் 3 பக்கம் இருக்கிற, உள்ள அடுக்கு வச்ச காத்து மேட் ஒண்ணு, அரை கிலோவுக்குள்ள பாருங்க. கூட ஒரு மூடிய செல் ஃபோம். மடிக்கிற வகைல ஸி லைட் சோல் 410 கிராம், ஆர் 2. முழுசா சுமக்காதீங்க. தோள்ல இருந்து இடுப்பு வரைக்கும் அளந்து பாதியா வெட்டுங்க, 200 கிராம் சொச்சம்தான். குளிர் உயிரை வாங்குற இடம் அதுதான். காலுக்கு அடியில காலிப் பையைப் போடுங்க, எப்படியும் அது டென்ட்ல சும்மாதான் கிடக்கப் போகுது. சில நூறு ரேண்டுக்கு வர்ற சுருட்டுற ஃபோம்கூட ஒண்ணும் இல்லாததுக்கு மேல், ஆனா ஆர் 1-ஐ ஒட்டித்தான் கிடைக்கும்.

ஃபோம்ல இன்னொரு நிம்மதி, ஓட்டை விழவே விழாது. தண்ணியும் குடிக்காது. மூணு மணிக்குக் காத்து மேட் கைவிட்டாலும் உக்காந்து விடியலைப் பார்க்க அது இருக்கும்.

சென்சூரியன்வாசி

அண்ணாச்சி, கல்யாணி அக்கா, குமரன் ப்ரோ, எல்லாருக்கும் நன்றி. புத்தகம் வச்சுப் பார்த்தேன், ஹால்ல காலைலயும் இறுக்கமாவே இருந்துச்சு. அடுத்த நாள் பின்கட்டுத் திண்ணையில, வெறும் டைல்ஸ் மேல படுத்தேன். மூணு டிகிரிதான், ஆனாலும் ஒரு மணிக்கே முதுகு சொல்லிடுச்சு. எழுந்து நண்பனோட ஃபோமை அடியில போட்டேன், அலாரம் அடிக்கிற வரைக்கும் தூக்கம். பேக் அதேதான்.

3.2 ஆர் போட்ட ஒரு மேட் தள்ளுபடியில பார்த்து வச்சிருக்கேன், 490 கிராம், 8 செ.மீ. பாதி ஃபோமோட சேர்த்தா எடை சொன்ன கணக்குக்குள்ள நிக்குது. கடைசியா ஒரு சந்தேகம்: ஃபோம் கீழயா, மேலயா? நண்பன் மேலங்கிறான்.

கேப் குமரன்

கூட்டினா ரெண்டும் ஒரே ஆர்தான். முள்ளு, கூர்க்கல் இருக்கிற தரைன்னா கீழ. உச்சியில புல் தரைதானே, டென்ட் சரிவா இருந்து மேட் வழுக்கிட்டுப் போனா மேல போட்டுப் பாருங்க, பேக் நழுவாது.

கல்யாணி, டர்பன்

இடுப்பு இடிப்பவர்களுக்குக் கீழேதான் வசதி, தம்பி. மேலே போட்டால் காற்று மேட்டின் மெத்தென்ற தன்மை கொஞ்சம் போய்விடும். கிளம்பும்போது சென்டினலில் ரெஜிஸ்டரில் பெயரும் வழியும் திரும்பும் நாளும் எழுத மறக்காதீர்கள். ஃபோமை வெளியே கட்டினால் செயின் லேடரில் மாட்டிக்கொள்ளும், பைக்குள் முதுகுப் பக்கமாக மடித்து வையுங்கள்.